இரண்டு சைக்கிள்காரர்கள்

இரண்டாம் உலகப் போருக்கு முந்தைய மோட்டார் பந்தயங்களைப் பற்றிச் சில மாதங்களாகப் படித்து வருகிறோம். பழைய கறுப்பு வெள்ளைப் படச்சுருள்கள் இப்போது இணையத்தில் எளிதாகக் கிடைப்பதால் அவற்றையும் இரவு நெடுநேரம் பார்த்துக்கொண்டிருக்கிறோம். எங்களில் ஒருவர் திண்டிவனத்துக்காரர், மற்றவர் விழுப்புரத்துக்காரர். கார் வைத்திருப்பவர் இருவரில் ஒருவரே. அதையும் அவர் அறுபதுக்கு மேல் ஓட்டுவதில்லை. அப்படியிருக்க, நூறாண்டுக்கு முன் பிரான்சிலும் இத்தாலியிலும் ஓடிய கார்கள் உங்களுக்கு எதற்கு என்று நண்பர்கள் வினவினார்கள். அவர்களுக்குச் சொன்ன பதிலைச் சற்று விரித்து இங்கே எழுதுகிறோம்.

இலக்கியம் படிக்கிறவர்கள் இந்தப் பந்தயங்களை முதலில் சந்திப்பது பெரும்பாலும் மரினெட்டியின் வழியாகத்தான். 1909 பிப்ரவரி 20 அன்று பாரிஸின் 'லெ ஃபிகாரோ' நாளிதழின் முதல் பக்கத்தில் அவருடைய எதிர்காலவாத அறிக்கை வெளிவந்தது. உறுமிச் செல்லும் பந்தயக் கார், லூவர் அருங்காட்சியகத்தில் உள்ள வெற்றித் தேவதையின் கிரேக்கச் சிற்பத்தைக் காட்டிலும் அழகியது என்று அதில் அவர் அறிவித்தார். நவீன கலை வரலாறு எழுதுகிற எவரும் இந்த வாக்கியத்தை விடுவதில்லை. ஆனால் அந்த அறிக்கைக்கு ஒரு முன்கதை உண்டு. கவிஞர் விடியற்காலையில் காரை விரட்டிக்கொண்டு போகிறார். எதிரே இரண்டு சைக்கிள்காரர்கள் தடுமாறியபடி வருகிறார்கள். அவர்கள்மேல் மோதாமலிருக்கக் காரைத் திருப்ப, அது சாலையோரப் பள்ளத்தில் கவிழ்கிறது. ஆலைக்கழிவு நீர் நிறைந்த அந்தச் சேற்றிலிருந்து புத்துயிர் பெற்றவராக எழுந்து அறிக்கையை முழங்குகிறார் மரினெட்டி. 1908இல் மிலான் நகரருகே அவருக்கு உண்மையாகவே நேர்ந்த விபத்தின் இலக்கிய வடிவம் இது.

அந்த இரண்டு சைக்கிள்காரர்கள் யார், எந்த வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள், கார் கவிழ்ந்ததைக் கண்டு நின்றார்களா, பயந்து ஓடினார்களா என்று அறிக்கையில் ஒரு சொல்லும் இல்லை. வேகத்தின் பேரழகைப் பாடிய முதல் பெரும் பிரகடனத்தில் இடைஞ்சலாக வந்து, ஒரு வரியில் மறைந்துவிடுகிறார்கள். இந்தக் கட்டுரை அவர்களைப் பற்றியது.

*

தொடக்க காலப் பந்தயங்கள் ஊர்விட்டு ஊர் செல்லும் பொதுச் சாலைகளிலேயே நடந்தன. 1903 மே 24 அன்று வெர்சாயிலிருந்து புறப்பட்ட பாரிஸ் – மாட்ரிட் பந்தயம் இவற்றுள் பெயர்பெற்றது. இருநூறுக்கும் மேற்பட்ட வண்டிகள் கலந்துகொண்டன. தார் காணாத சாலை. முன்னே போன வண்டி கிளப்பிய புழுதிக்குள் பின்னே வருபவர், சாலையோர மரங்களின் உச்சியைப் பார்த்துத் திசையறிந்து ஓட்ட வேண்டியிருந்தது. வழிநெடுக இலட்சக்கணக்கானோர் திரண்டு நின்றார்கள். கார் நெருங்கும் கடைசிக் கணம்வரை கூட்டம் சாலையின் நடுவிலேயே நின்று, கத்தி பட்ட துணிபோல் இரண்டாகப் பிரிந்து வழிவிட்டதாம். ரெனோ கார் நிறுவனத்தைத் தொடங்கிய சகோதரர்களுள் ஒருவரான மார்செல் ரெனோ இப்பந்தயத்தில் இறந்தார். வேறு ஓட்டுநர்களும், உடன் சென்ற மெக்கானிக்குகளும், வேடிக்கை பார்க்க வந்தவர்களும் இறந்தார்கள். பிரெஞ்சு அரசு பந்தயத்தை போர்தோ நகரிலேயே நிறுத்தியது. எஞ்சின்களை இயக்கக் கூடாது என்று ஆணையிடவே, சில மணி நேரம் முன்பு மணிக்கு நூறு கிலோமீட்டரைத் தாண்டி வந்த கார்களைக் குதிரைகள் கட்டி இழுத்து ரயில் நிலையம் சேர்த்தன.

இதற்கு அடுத்த ஆண்டு, 1904 டிசம்பரில், நம் நாட்டிலும் தில்லியிலிருந்து பம்பாய்க்கு ஒரு மோட்டார் ஓட்டம் நடந்தது. அது வண்டிகளின் உறுதியைப் பார்த்த சோதனை ஓட்டம். அதன் வழியில் நின்ற கிராமத்தாருக்கு அந்த வேறுபாடு தெரிந்திருக்கும் என்று நாங்கள் எண்ணவில்லை.

லார்த்திக் என்ற பிரெஞ்சுக்காரர், இருபது வயது நிறையாத இளைஞராக, 1910களின் தொடக்கத்தில் ஒரு கிராண்ட் பிரீ பந்தயத்தில் எடுத்த புகைப்படம் உலகப் புகழ் பெற்றது. விரையும் காரின் பின் சக்கரம் வட்டம் கலைந்து, முன்னோக்கிச் சாய்ந்த முட்டை வடிவத்தில் தெரியும். பின்னணியில் நிற்கும் மனிதர்களும் கம்பங்களும் எதிர்த்திசையில் சாய்ந்திருப்பார்கள். அவருடைய காமிராவின் மூடி ஒரு மெல்லிய இடைவெளியாக நகர்ந்து படத்தைப் பதிவதாலும், காரைத் தொடர்ந்து காமிராவை அவர் திருப்பியதாலும் உண்டான கோணல் அது. தொழில்நுட்பக் காரணம் இவ்வளவே என்றாலும் அப்படம் ஓர் உண்மையைச் சொல்லிவிடுகிறது. காருக்கும் அந்த மனிதர்களுக்கும் நடுவே எதுவுமில்லை, ஒரு கயிறுகூட.

1930களில் இக்காட்சி உச்சத்தைத் தொட்டது. 1934இல், வேகத்துக்குக் கடிவாளமாக, கார்களின் எடை 750 கிலோவுக்கு மேல் போகக்கூடாது என்று விதி வந்தது. எடை குறைந்தால் எஞ்சினும் சிறுக்கும் என்பது விதி வகுத்தவர்களின் கணக்கு. ஜெர்மானியப் பொறியாளர்களோ மெல்லிய உலோகக் கலவைகளால் உடலைச் செதுக்கி, மிச்சப்பட்ட எடையை எஞ்சினுக்குக் கொடுத்தார்கள். 1937ஆம் ஆண்டின் மெர்சிடிஸ் கார் ஏறக்குறைய 600 குதிரைத்திறனை எட்டிற்று. ஓட்டுநருக்குத் தலையில் துணித்தொப்பி, கண்ணாடி, அவ்வளவே. இருக்கைப் பட்டை இல்லை. கார் தீப்பற்றினால் உள்ளே சிக்கிக்கொள்வதைவிட வெளியே எறியப்படுவது மேல் என்று அக்காலத்தவர் எண்ணினார்கள்.

1933 செப்டம்பர் 10 அன்று இத்தாலியின் மொன்சா ஓடுகளத்தில் ஒரே நாளில் கம்பாரி, போர்சாக்கினி, சைகோவ்ஸ்கி என்று மூன்று ஓட்டுநர்கள் இறந்தார்கள். கம்பாரி இசைநாடகம் பாடுவதில் பெருவிருப்பம் கொண்டவர், பந்தயத்திலிருந்து ஓய்வுபெற எண்ணியிருந்தவர். 1938 ஜனவரி 28 காலையில் பிராங்க்பர்ட் – டார்ம்ஸ்டாட் நெடுஞ்சாலையில் கரச்சியோலா மணிக்கு 432 கிலோமீட்டர் வேகத்தை எட்டினார். அதே காலையில் அதை முறியடிக்க முனைந்த ரோஸ்மேயரின் காரைப் பக்கக்காற்று புரட்டியது. அவர் மடிந்தார். இவ்வெற்றிகளும் மரணங்களும் நாஜி அரசுக்கு விளம்பரமாயின. ரோஸ்மேயரின் மரணம் போர்வீரனின் மரணமாகக் கொண்டாடப்பட்டது. 1939 செப்டம்பர் 3, பிரிட்டன் போர் அறிவித்த அதே நாளில், பெல்கிரேடு நகரத் தெருக்களில் கடைசிப் பந்தயத்தை நுவோலாரி வென்றார். அதன் பின் ஐரோப்பா வேறு வகை இரும்பை ஓட்டப் போய்விட்டது.

இவர்களைப் பற்றி நூல்கள் நிறைய உண்டு, நினைவுத்தூண்கள் உண்டு. ரோஸ்மேயர் இறந்த இடத்தில் இன்றும் மலர் வைக்கிறார்கள். ஆனால் 1928இல் அதே மொன்சாவில் மத்தெராசியின் கார் கூட்டத்துக்குள் பாய்ந்தபோது இறந்தவர்கள் இருபதுக்கும் மேற்பட்டோர். 1938இல் மில்லே மில்யா பந்தயத்தின்போது பொலோன்யா நகரில் ஒரு கார் தடம் மாறிப் பத்துப் பேரைக் கொன்றது. அவர்களில் ஏழு பேர் குழந்தைகள். இந்தப் பெயர்களைத் தேடினோம். நாங்கள் படித்த பந்தய நூல்களில் எண்ணிக்கை மட்டுமே இருந்தது.

*

திண்டிவனத்துக்கும் விழுப்புரத்துக்கும் இடையே சுமார் நாற்பது கிலோமீட்டர். கூட்டேரிப்பட்டு, விக்கிரவாண்டி, முண்டியம்பாக்கம் என்று ஊர்கள் சாலையை ஒட்டியே அமைந்தவை. எங்கள் பள்ளிப் பருவத்தில் இது இருவழிச் சாலை. இருமருங்கும் புளியமரங்கள். அவற்றின் அடியில் கறுப்பும் வெள்ளையுமாகப் பட்டை அடித்திருப்பார்கள். மரத்தில் மோதாதிருக்க அடித்த பட்டையே எங்களுக்குப் பந்தயக் களத்தின் எல்லைக்கோடாகத் தோன்றும்.

ஆம், எங்கள் ஊர்ப் பந்தயம் பேருந்துப் பந்தயம். அதற்கும் போருக்கு முந்தைய வரலாறு உண்டு. 1930களில் சென்னை மாகாணத்துத் தனியார் பேருந்துகள் ரயிலோடும் தங்களுக்குள்ளும் பயணிகளுக்காகப் போட்டியிட்டன. பெல்கிரேடு பந்தயம் நடந்த அதே 1939இல்தான் நம் நாட்டில் மோட்டார் வாகனச் சட்டம் புதிதாக இயற்றப்பட்டது. வழித்தடத்துக்குப் பெர்மிட், புறப்பாட்டுக்கு நேரம் என்று இந்தப் போட்டிக்குக் கட்டுப்பாடு இறுகியது. பிற்காலத்தில் நெடுந்தூரத் தடங்கள் பலவும் அரசுடைமையாயின. 1975இல் விழுப்புரத்தைத் தலைமையிடமாகக் கொண்டு தந்தை பெரியார் போக்குவரத்துக் கழகம் பிறந்தது. ஆயினும் தனியார் வண்டிகள் முற்றிலும் மறையவில்லை. இரண்டு வண்டிகளுக்கு நடுவே நாலைந்து நிமிட இடைவெளி. முன்னால் போகிறவன் வழியில் நிற்கும் ஆட்களையெல்லாம் அள்ளிக்கொள்வான். பின்னால் வருகிறவனுக்குக் காலி நிறுத்தம் மிஞ்சும். கலெக்‌ஷனைப் பொறுத்து பேட்டா. ஆகவே முந்துவது வீரத்தின் பாற்பட்டது மட்டுமில்லை, வயிற்றின் பாற்பட்டதும்தான்.

நாங்கள் எஞ்சின் பேனட்டின் ஓரம் நின்றே பயணம் செய்ய விரும்பினோம். டைம் கீப்பர் விசிலடித்து வண்டியை விரட்டுவது, நடத்துநர் பின்படியில் தொங்கியபடி பின்னால் வரும் வண்டியை அளப்பது, ஓட்டுநர் ஏர்ஹாரனை அழுத்தியபடி எதிரே வரும் லாரிக்கும் முன்னே போகும் பேருந்துக்கும் இடையில் வண்டியைச் செருகி மீள்வது – இவற்றை இன்று நினைத்தாலும் உடம்பு சிலிர்க்கத்தான் செய்கிறது. ஓட்டுநர்களின் பெயர்கள் எங்களுக்கு மனப்பாடம். "அண்ணன் இன்னிக்கு விக்கிரவாண்டி தாண்டறதுக்குள்ள அவன முடிச்சிடுவாரு பாரு" என்று பந்தயம் கட்டுவோம். "மெதுவா போப்பா, புள்ள குட்டிய வச்சிருக்கோம்" என்று பின்னிருக்கையிலிருந்து ஏதாவதொரு பாட்டியின் குரல் வரும். ஓட்டுநர் கண்ணாடியில் பார்த்துச் சிரிப்பார். வண்டி மெதுவாகாது.

எங்கள் வகுப்புத் தோழன் ஒருவனின் தந்தை தையல்காரர். 1990களின் நடுவில் ஒரு மாலை, கூட்டேரிப்பட்டுக்கு அருகே சைக்கிளில் சாலையைக் கடந்தபோது, ஒன்றையொன்று முந்திக்கொண்டு வந்த இரண்டு வண்டிகளில் ஒன்று அவரை அடித்துவிட்டது. கேரியரில் இருந்த துணிமூட்டை அவிழ்ந்து, தைத்து முடித்த பள்ளிச் சீருடைகள் சாலையில் கிடந்தன. அது ஜூன் மாதம்.

துக்கத்துக்குப் போனோம். வாசலில் பெஞ்சில் அமர்ந்திருந்த பெரியவர்களின் பேச்சு இன்னும் எங்கள் காதில் இருக்கிறது. எந்த வண்டி எந்த வண்டியை முந்தியது, இடதுபுறம் ஏறியதா, வலதுபுறம் ஏறியதா, ஓட்டுநர் எவ்வளவு கெட்டிக்காரர், பிரேக் பிடித்திருந்தால் முப்பது பேர் போயிருப்பார்கள் அல்லவா என்று இரவெல்லாம் அதே பேச்சு. இரண்டு நாள் கழித்துச் செய்தித்தாளில் இரண்டு வரி வந்தது. சைக்கிளில் சென்றவர் பலி என்று இருந்தது. தோழன் அந்த ஆண்டோடு பள்ளியை விட்டுத் தந்தையின் தையல் இயந்திரத்தில் அமர்ந்தான். இழப்பீட்டு வழக்கு அவனுடைய திருமணத்துக்குப் பின்னும் நடந்தது. சைக்கிளை அவன் விற்கவில்லை. வீட்டின் பின்புறம் சாத்தியிருந்த அதன் முன்சக்கரம் நெளிந்து முட்டை வடிவத்தில் இருக்கும். லார்த்திக்கின் புகைப்படத்தை முதன்முதலாகப் பார்த்தபோது எங்கள் இருவருக்கும் நினைவுக்கு வந்தது அச்சக்கரமே. பேச வேண்டிய தேவை இருக்கவில்லை.

*

மரினெட்டியின் கதைக்கு நேர் எதிரான கதையொன்று நம்மிடம் இருக்கிறது. திருவாரூர் வீதியில் இளவரசனின் தேர் விரைகிறது. கன்று ஒன்று துள்ளி ஓடிவந்து சக்கரத்தில் அகப்பட்டு இறக்கிறது. தாய்ப்பசு அரண்மனை வாயிலில் உள்ள ஆராய்ச்சி மணியை அசைக்கிறது. மனுநீதிச் சோழன் தன் ஒரே மகனைத் தேர்க்காலில் இட முனைகிறான். சிலப்பதிகாரம் இதைச் சுட்டுகிறது, பெரியபுராணம் விரித்துரைக்கிறது. சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் அந்த அரசனுக்குச் சிலையும் உண்டு.

தண்டனையின் கடுமையை வியந்தே இக்கதையை நமக்குச் சொல்லிக் கொடுத்தார்கள். மகனைக் கொல்வது நீதியா என்ற வாதத்தை இங்கே எழுப்பப்போவதில்லை. நாங்கள் கவனிப்பது வேறொன்று. அமைச்சர்கள் அரசனிடம் சொல்லும் சமாதானம் நாம் அன்றாடம் கேட்பதுதான்: இளவரசன் வேண்டுமென்று செய்யவில்லை, கன்று தானாகக் குறுக்கே பாய்ந்தது. அரசன் அதை ஏற்கவில்லை. தேரின் அழகு, குதிரைகளின் மிடுக்கு, இளவரசனின் திறன் அனைத்தையும் ஒதுக்கிவிட்டுக் கதை கன்றின் பக்கம் நிற்கிறது. குறுக்கே வந்தவரைக் கதையின் நடுவில் வைத்த மரபு நம்முடையது. எதிர்காலவாத அறிக்கை அச்சாவதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே.

பந்தய உலகம் அந்த இடத்துக்கு வந்து சேர வெகுகாலம் பிடித்தது. ஆனால் வந்து சேர்ந்தது. 1938 பொலோன்யா சாவுகளுக்குப் பின் மில்லே மில்யா தடை செய்யப்பட்டது. 1940இல் மூடிய தடத்தில் நடந்து, போருக்குப் பின் பழையபடி ஊர்ச் சாலைகளுக்குத் திரும்பி, 1957இல் மீண்டும் குழந்தைகளையும் சேர்த்துக் கொன்ற பிறகே வேகப்பந்தயமாக நடப்பது முடிவுக்கு வந்தது. 1955இல் லெ மான் களத்தில் எண்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தபோது சுவிட்சர்லாந்து ஓடுகளப் பந்தயத்தையே தடை செய்தது. பின்னர் தடுப்புகள் உயர்ந்தன. பார்வையாளர் தொலைவுக்கு நகர்த்தப்பட்டார். ஓட்டுநருக்குத் தலைக்கவசமும் பட்டையும் தீப்பிடிக்காத உடையும் வந்தன.

தமிழ்நாட்டிலும் பந்தயம் தனக்கென்று இடம் தேடிக்கொண்டது. உலகப் போருக்காக அமைக்கப்பட்ட சோழவரம் விமான ஓடுபாதையில், 1953இல் தோன்றிய மெட்ராஸ் மோட்டார் விளையாட்டுக் கழகம் பல ஆண்டுகள் பந்தயம் நடத்தியது. திண்டிவனத்திலிருந்து முதல் பேருந்து பிடித்துப் போய்ப் பார்த்துத் திரும்பிய மாமாக்கள் எங்கள் தெருவில் இருந்தார்கள். 1990இல் இருங்காட்டுக்கோட்டையில் தனிக்களமே அமைந்தது. அங்கும் ஆபத்து தீர்ந்துவிடவில்லை. 2023இல் ஜனவரியில் 59 வயது கார் ஓட்டுநர் ஒருவரும் ஆகஸ்டில் 13 வயது பைக் ஓட்டும் சிறுவன் ஒருவனும் அங்கே இறந்தார்கள். பதின்மூன்று வயதுப் பிள்ளை தன் உயிரைப் பணயம் வைக்கத் தானே முடிவெடுக்க இயலுமா என்ற கேள்வி நியாயமானது. கேள்வி எழுந்தது, விவாதம் நடந்தது, அன்றைய போட்டிகள் நிறுத்தப்பட்டன. 2024 ஆகஸ்ட் இறுதியில் சென்னைத் தீவுத்திடலைச் சுற்றி இரவுப் பந்தயம் நடந்தபோது, மூன்றரைக் கிலோமீட்டர் தடம் முழுவதும் தடுப்புகளால் அடைக்கப்பட்டிருந்தது.

எங்கள் நாற்பது கிலோமீட்டருக்கு அந்தப் பாக்கியம் கிட்டவில்லை. 2000க்குப் பிறகு சாலை நான்கு வழியாயிற்று. புளியமரங்கள் போயின. விக்கிரவாண்டியில் சுங்கச்சாவடி வந்தது. பழைய பேருந்துப் பந்தயம் தளர்ந்துவிட்டது. அதன் இடத்தில் சென்னையிலிருந்து திருச்சிக்கு எத்தனை மணி நேரத்தில் போய்ச் சேர்ந்தோம் என்று சொல்லிக்கொள்ளும் கார்களின் பந்தயம் நடக்கிறது. அரசின் அனுமதியின்றிப் பொதுச் சாலையில் வேகப்போட்டி நடத்துவது மோட்டார் வாகனச் சட்டத்தின் 189ஆம் பிரிவின்படி குற்றம். இவர்களோ யாரோடும் போட்டியிடுவதாகச் சொல்வதில்லை. கடிகாரத்தோடு போட்டியிடுகிறார்கள், 1903இல் போலவே. மத்திய அரசின் கணக்குப்படி 2022இல் இந்தியச் சாலைகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர். அவர்களில் ஏறத்தாழ ஐந்தில் ஒருவர் நடந்து சென்றவர். போருக்கு முந்தைய ஐரோப்பியப் பந்தயங்கள் அத்தனையும் சேர்ந்து கொன்றவர்களை நம் சாலைகள் சில நாட்களில் கொன்றுவிடுகின்றன.

ஸ்வீடன் 1997இல் ஒரு கொள்கையை ஏற்றது. மனிதர் தவறு செய்யத்தான் செய்வார், அத்தவறுக்கு விலை உயிராக இராதபடி சாலையை அமைப்பது அமைப்பவரின் பொறுப்பு என்பது அதன் சாரம். அமைச்சர்களின் சமாதானத்தை ஏற்காத அரசனின் நிலையும் ஏறத்தாழ அதுவே. மேம்பாலமும் சுரங்கப்பாதையும் எங்கே வரவேண்டும் என்பதைக் கார் ஓட்டுகிறவரின் வசதியை வைத்துத் தீர்மானிக்கிறோமா, கடக்கிறவரின் வசதியை வைத்துத் தீர்மானிக்கிறோமா என்பதே கேள்வி. சில ஊர்களுக்குப் பாலம் வந்துவிட்டது. வராத ஊர்களில் மக்கள் தங்கள் கண்ணை நம்பிக் கடக்கிறார்கள்.

இந்த வழியே காரில் செல்லும் நண்பர்கள் மாலை ஐந்தரை மணியளவில் நடுத்திட்டைக் கவனித்துப் பாருங்கள். பால் கேனோடு ஒரு பெண்மணி அரளிச் செடிகளுக்கிடையே நின்றிருப்பார். பாதிச் சாலையைக் கடந்தாயிற்று, மீதிப் பாதி இருக்கிறது. வரும் கார் எவ்வளவு தொலைவு, எவ்வளவு வேகம், இடைவெளி போதுமா என்று அவர் கணக்கிட்டுக்கொண்டிருப்பார். பாரிஸ் – மாட்ரிட் சாலையில் நின்ற கூட்டத்துக்குத் தெரிந்த அதே கணக்கு. அவர்கள் வேடிக்கை பார்க்க வந்தவர்கள். இவர் சொசைட்டிக்குப் பால் ஊற்றிவிட்டு வீடு திரும்புகிறவர்.